ஆபீஸ் செய்த கணக்குப் பிழைக்கு ஓய்வூதியர் பணம் கட்ட வேண்டுமா?

மதுரை திருநகரில் எங்கள் தெருவில் ஒரு டீச்சர் இருக்கிறார். தெருவே அவரை டீச்சரக்கா என்றுதான் கூப்பிடும். கிராமத்துப் பள்ளியில் 34 வருடம் இடைநிலை ஆசிரியையாக வேலை பார்த்து 2022-ல் ஓய்வு பெற்றார். ஓய்வு பெற்று ஆறு மாதம் கழித்து அவருக்கு ஒரு கடிதம் வந்தது. 'செயல்முறைகள்' என்று தலைப்பிட்டு, பச்சை மையில் கையெழுத்துப் போட்ட இரண்டு பக்கம். 2008-ல் சிறப்பு நிலை (ஒரே பதவியில் 20 வருடம் முடித்தவருக்கான உயர் ஊதிய நிலை) வழங்கியபோது ஊதிய நிர்ணயத்தில் ஒரு ஊதிய உயர்வு கூடுதலாகச் சேர்ந்துவிட்டது, தணிக்கையில் அது தெரிய வந்தது, ஆகவே மிகையாகப் பெற்ற 2,52,000 ரூபாயை ஒரே தவணையில் அரசுக் கணக்கில் செலுத்த வேண்டும், தவறினால் பணிக்கொடையில் (கிராஜுவிட்டி) பிடித்தம் செய்யப்படும். கடிதத்தின் சாரம் இவ்வளவுதான். கூடவே ஒரு தாள் இணைத்திருந்தார்கள். 'மேற்படி தொகையைப் பிடித்தம் செய்துகொள்ள முழுமனதுடன் சம்மதிக்கிறேன்' என்று டைப் அடித்து, கையெழுத்துக்கு மட்டும் இடம் விட்டிருந்தது.

"தம்பி, நான் என்ன திருடிட்டேனா?" இதுதான் அக்கா கேட்ட முதல் கேள்வி.

நான் அரசு அலுவலகம் ஒன்றில் சம்பளப் பட்டியல் போடும் பிரிவில் பல வருடம் இருந்தவன். இப்படிக் கடிதம் போகும் பக்கத்தைப் பார்த்திருக்கிறேன். வாங்கும் பக்கத்தில் இருப்பவர்கள் எப்படி உடைந்துபோகிறார்கள் என்பதை அன்றைக்குத்தான் கிட்டத்தில் பார்த்தேன். கடன் வாங்கியாவது கட்டிவிடுகிறேன் என்றார். வேண்டாம், அந்தத் தாளில் கையெழுத்து மட்டும் போடாதீர்கள் என்றேன். ஏன் அப்படிச் சொன்னேன் என்பதற்கான விளக்கம்தான் இந்தக் கட்டுரை. ஓய்வு பெற்றவர்களும், ஓய்வு பெறப் போகிறவர்களும், அவர்கள் வீட்டுப் பிள்ளைகளும் தெரிந்துவைத்திருக்க வேண்டிய விஷயம் இது.

பிழை எங்கிருந்து வருகிறது?

அரசு ஊழியரின் சம்பளம் ஒரு சங்கிலி போன்றது. பணியில் சேர்ந்த நாள் முதல் ஒவ்வொரு வருடமும் ஒரு ஊதிய உயர்வு. ஒரே பதவியில் 10 வருடம் முடித்தால் தேர்வு நிலை, 20 வருடம் முடித்தால் சிறப்பு நிலை. நடுவில் பதவி உயர்வு வரலாம். ஆசிரியர்களுக்குக் கூடுதல் கல்வித் தகுதிக்கு ஊக்க ஊதிய உயர்வு இருந்தது. இதற்கு மேல் ஊதியக் குழு வரும்போதெல்லாம் பழைய ஊதியத்தைப் புது விகிதத்துக்கு மாற்ற வேண்டும். தமிழ்நாட்டில் 1.1.2006 தேதியிட்டு ஒன்று, 1.1.2016 தேதியிட்டு ஒன்று என்று இந்த மாற்றம் நடந்தது. அரசாணை வந்ததோ 2009-லும் 2017-லும். அதாவது, பின்தேதியிட்டுப் பல வருடக் கணக்கை ஒரே மூச்சில் திருப்பிப் போட வேண்டும். ஒரு பிரிவு எழுத்தரிடம் நூறு, இருநூறு பேருடைய பணிப்பதிவேடு இருக்கும். அரசாணைக்கு விளக்கக் கடிதம், அந்த விளக்கத்துக்கு ஒரு திருத்தம் என்று வந்துகொண்டே இருக்கும். அந்த நெருக்கடியில் ஒரே ஊதிய உயர்வு இரண்டு இடத்தில் கணக்காகிவிடுவது நடக்கிற காரியம்தான்.

டீச்சரக்காவின் பணிப்பதிவேட்டில் அந்தப் பக்கத்தை நானே பார்த்தேன். நீல மையில் ஊதிய நிர்ணயப் பதிவு, பக்கத்தில் அலுவலக முத்திரை, அதன் மேல் அதிகாரியின் சுருக்கொப்பம். அக்கா எழுதிக் கொடுத்தது ஒன்றே ஒன்றுதான்: 'எனக்கு 20 ஆண்டு பணி முடிந்துவிட்டது, சிறப்பு நிலை வழங்க வேண்டுகிறேன்' என்று ஒரு பக்க விண்ணப்பம். அதில் பொய் எதுவும் இல்லை. 20 ஆண்டு உண்மையாகவே முடிந்திருந்தது. கணக்குப் போட்டதும், சரிபார்த்ததும், ஒப்பமிட்டதும் அலுவலகம். இந்த வேறுபாட்டை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் சட்டம் பேசும்போது எல்லாம் இதைச் சுற்றித்தான் வரும்.

அடுத்தது, சின்னப் பிழை எப்படி லட்சக் கணக்கில் வளர்கிறது என்று பார்ப்போம். ஒரு ஊதிய உயர்வு என்பது அடிப்படை ஊதியத்தில் 3 சதவீதம். 2008-ல் அது சில நூறு ரூபாய்தான். ஆனால் அதன் மேல் அகவிலைப்படி ஏறும். அடுத்த வருட 3 சதவீதம், கூடிப்போன தொகையின் மேலும் சேரும். ஊதியக் குழு மாற்றத்தில் அதுவும் சேர்ந்து பெருகும். ஓய்வு பெறும் வேளையில் அகவிலைப்படியோடு சேர்த்து மாத வித்தியாசம் இரண்டாயிரத்தைத் தாண்டியிருந்தது. சராசரியாக மாதம் 1,500 ரூபாய் என்று வைத்தாலும் 14 வருடத்துக்கு, அதாவது 168 மாதத்துக்கு, 2,52,000 ரூபாய் ஆகிவிடுகிறது. அந்தப் பணம் மாதாமாதம் கைக்கு வந்து, அரிசி பருப்புக்கும் பிள்ளைகள் ஃபீஸுக்கும் போய்விட்டது. அதற்கு வருமான வரியும் கட்டியாகிவிட்டது.

இந்தப் பிழை ஓய்வு நேரத்தில் வெளியே வருவதற்கும் காரணம் இருக்கிறது. ஓய்வூதியக் கருத்துரு, அதாவது ஓய்வூதியம் வழங்கக் கேட்டு அலுவலகம் அனுப்பும் கோப்பு, சென்னையில் உள்ள மாநிலக் கணக்காயர் அலுவலகத்துக்கு, நாம் ஏ.ஜி. ஆபீஸ் என்று சொல்லும் இடத்துக்குப் போகிறது. அங்கே பணிப்பதிவேட்டை முதல் பக்கத்திலிருந்து புரட்டுகிறார்கள். ஒரு மனிதனின் மொத்தப் பணிக்காலத்தையும் ஒருவர் உட்கார்ந்து வரிவரியாகப் படிப்பது பெரும்பாலும் அப்போதுதான். நிர்ணயம் தவறு என்று தெரிந்தால் கருத்துரு குறிப்போடு திரும்பி வரும். அலுவலகம் அதைச் சரிசெய்து திருப்பி அனுப்ப வேண்டும். தணிக்கைத் தடையை, அதாவது தணிக்கையில் எழுப்பிய ஆட்சேபத்தை, நீக்கிக் கோப்பை நகர்த்த வேண்டும் என்ற அவசரத்தில், முதலில் நீளும் கை ஓய்வு பெற்றவரின் சட்டைப் பையை நோக்கித்தான்.

ஓய்வூதியம் கருணைத் தொகை அல்ல

ஓய்வு பெறும்போது பலவகைப் பணம் வரும். எது எது என்று தெரியாததால்தான் பலர் பயப்படுகிறார்கள். 1.4.2003-க்கு முன் பணியில் சேர்ந்த தமிழக அரசு ஊழியருக்குப் பழைய ஓய்வூதியத் திட்டம். முழுப் பணிக்காலம் இருந்தால் கடைசி ஊதியத்தில் பாதி மாத ஓய்வூதியம். அதில் மூன்றில் ஒரு பங்கு வரை தொகுத்து முன்கூட்டியே வாங்கிக்கொள்ளலாம், இதைக் கம்யூட்டேஷன் என்பார்கள். அப்புறம் பணிக்கொடை, அதாவது டி.சி.ஆர்.ஜி. ஈட்டிய விடுப்புக்கான பணம். கடைசியாகப் பொது வருங்கால வைப்பு நிதி, அது முழுக்க உங்கள் சொந்தச் சேமிப்பு.

அலுவலகத்தின் கண் முதலில் விழுவது பணிக்கொடை மேல். அது ஒரே தடவையில் வரும் பெரிய தொகை, பிடித்தம் செய்வது சுலபம். வீட்டுக் கடன், பண்டிகை முன்பணம், அரசுக் குடியிருப்பு வாடகை போன்ற உறுதியான நிலுவைகளைப் பணிக்கொடையிலிருந்து பிடிக்க விதிகளில் இடம் இருக்கிறது. அது நாம் தெரிந்தே வாங்கிய கடன், அதில் தகராறு இல்லை. ஆனால் 14 வருடத்துக்கு முந்தைய அலுவலகப் பிழையை அதே வரிசையில் நிறுத்தி, 'அரசுக்குச் சேர வேண்டிய நிலுவை' என்று பெயர் வைத்துப் பிடிப்பதுதான் வழக்குகளில் கேள்விக்குள்ளாகிறது.

இந்தக் கேள்விக்கு அடித்தளமாக இருப்பது ஒரு எளிய கருத்து: ஓய்வூதியம் அரசு மனமிரங்கிக் கொடுக்கும் அன்பளிப்பு அல்ல. உழைத்துச் சம்பாதித்த சொத்து. 1971-ல் தேவகிநந்தன் பிரசாத் என்பவர் பீகார் அரசுக்கு எதிராக நடத்திய வழக்கில் உச்ச நீதிமன்றம் ஓய்வூதியத்தைச் சொத்துரிமையாகவே பார்த்தது. 1982 டிசம்பர் 17 அன்று வந்த டி.எஸ். நகரா வழக்குத் தீர்ப்பு இந்தக் கருத்தை இன்னும் அகலமாக விரித்தது. ஓய்வூதியர் சங்கங்கள் ஒவ்வொரு வருடமும் டிசம்பர் 17-ஐ ஓய்வூதியர் தினமாகக் கொண்டாடுவது இதனால்தான். 2013-ல் ஜார்க்கண்ட் மாநிலத்தைச் சேர்ந்த ஜிதேந்திர குமார் ஸ்ரீவஸ்தவா வழக்கில் உச்ச நீதிமன்றம், ஓய்வூதியமும் பணிக்கொடையும் அரசியலமைப்பின் 300ஏ பிரிவு பாதுகாக்கும் சொத்து என்றது. அந்தப் பிரிவு சொல்வது: சட்டத்தின் அதிகாரம் இல்லாமல் யாருடைய சொத்தையும் பறிக்கக் கூடாது. வெறும் நிர்வாக உத்தரவு, ஒரு சுற்றறிக்கை, ஒரு மெமோ, இவை அந்த 'சட்டத்தின் அதிகாரம்' ஆகாது.

அப்படியானால் ஓய்வூதியத்தில் கைவைக்கவே முடியாதா? முடியும், அதற்கென்று வழி இருக்கிறது. தமிழ்நாடு ஓய்வூதிய விதிகள், 1978-ல் 9-ஆவது விதி, பணிக்காலத்தில் கடுமையான தவறு செய்ததாகவோ அரசுக்கு நட்டம் ஏற்படுத்தியதாகவோ விசாரணையில் நிரூபணமானால் ஓய்வூதியத்தை நிறுத்தவும் நட்டத்தைப் பிடிக்கவும் அரசுக்கு அதிகாரம் தருகிறது. ஆனால் அதற்கு முறையான விசாரணை வேண்டும். ஓய்வுக்குப் பிறகு புதிதாகத் துறை விசாரணை தொடங்குவதென்றால் அரசின் அனுமதி வேண்டும், நான்கு வருடத்துக்கு மேற்பட்ட பழைய நிகழ்வைத் தோண்டவும் கூடாது. எழுத்தர் போட்ட கணக்கில் வந்த மிகைக்கு இந்த விதி பொருந்தவே பொருந்தாது. டீச்சரக்கா எந்தத் தவறும் செய்யவில்லையே, எதை விசாரிப்பது?

வெள்ளையடிப்பவர் பெயரில் ஒரு தீர்ப்பு

இந்த விஷயத்தில் நீங்கள் பெயர் சொல்லி நினைவில் வைத்துக்கொள்ள வேண்டிய தீர்ப்பு ஒன்று உண்டு. பஞ்சாப் அரசு எதிர் ரஃபீக் மசீ. 18.12.2014 அன்று உச்ச நீதிமன்றம் வழங்கியது. வழக்கின் தலைப்பிலேயே அவர் பெயரோடு அவருடைய வேலையும் ஒட்டிக்கொண்டிருக்கிறது: வெள்ளையடிப்பவர். சுவருக்குச் சுண்ணாம்பு அடித்துப் பிழைத்த ஒரு கடைநிலை ஊழியரின் பெயரைச் சொல்லித்தான் இன்றைக்கு நாடு முழுவதும் ஓய்வூதியர்கள் தங்கள் பணத்தைக் காப்பாற்றிக்கொள்கிறார்கள். எனக்கு அந்தப் பெயர் மேல் ஒரு தனி மரியாதை உண்டு.

அதற்கு முன்பே இந்தத் திசையில் தீர்ப்புகள் இருந்தன. 1994-ல் ஹரியானாவைச் சேர்ந்த சாகிப் ராம் வழக்கு, 2008-ல் பீகார் ஆசிரியர்களின் சையத் அப்துல் காதிர் வழக்கு. ஊழியர் ஏமாற்றவில்லை, தவறான தகவல் தரவில்லை, அரசு விதியைத் தப்பாகப் புரிந்துகொண்டு கொடுத்துவிட்டது என்றால் திரும்பக் கேட்கக் கூடாது என்பது அவற்றின் போக்கு. ஆனால் 2012-ல் உத்தராகண்டைச் சேர்ந்த சண்டி பிரசாத் உனியால் வழக்கில் அதே உச்ச நீதிமன்றம், இது வரி கட்டும் மக்களின் பணம், தவறுதலாகக் கொடுத்தாலும் பொதுவாகத் திரும்பப் பெறலாம் என்றது. அந்த வாதத்தையும் நான் ஒதுக்கித் தள்ள மாட்டேன். அரசுப் பணம் கூலித் தொழிலாளியிடமிருந்தும் வரியாக வந்த பணம்தான். எந்தப் பக்கம் போவது என்று கீழ் நீதிமன்றங்கள் தடுமாறிய நேரத்தில்தான் ரஃபீக் மசீ தீர்ப்பு எல்லை வகுத்தது.

அந்தத் தீர்ப்பு ஐந்து நிலைமைகளைச் சொல்லி, இவற்றில் திரும்ப வசூலிக்கக் கூடாது என்றது. மூன்றாம், நான்காம் நிலை ஊழியர்கள், அதாவது 'சி', 'டி' பிரிவினர் என்றால் கூடாது. ஓய்வு பெற்றவர் என்றாலோ, வசூல் உத்தரவு தேதியிலிருந்து ஒரு வருடத்துக்குள் ஓய்வு பெறப் போகிறவர் என்றாலோ கூடாது. உத்தரவு போடுவதற்கு முன் ஐந்து வருடத்துக்கு மேலாக மிகைத் தொகை போய்க்கொண்டிருந்தது என்றால் கூடாது. மேல் பதவியின் வேலையைத் தவறாக ஒருவர் தலையில் கட்டி, அதற்கான சம்பளத்தையும் கொடுத்துவிட்டு, பிறகு அது உன் வேலையே இல்லை என்று சொல்லிக் கேட்கக் கூடாது. கடைசியாக, வசூல் செய்வது அரசின் உரிமையை விடப் பல மடங்கு கொடுமையாகவும் அநியாயமாகவும் போய்விடும் என்று நீதிமன்றம் கருதும் எந்த வழக்கிலும் கூடாது.

இவற்றில் ஏதாவது ஒன்று பொருந்தினாலே போதும். டீச்சரக்காவுக்கு எத்தனை பொருந்துகிறது என்று எண்ணிப் பாருங்கள். உத்தரவு வந்தபோது அவர் ஓய்வு பெற்றுவிட்டார். மிகைத் தொகை 14 வருடமாகப் போயிருக்கிறது. இரண்டு கதவும் அடைத்தாகிவிட்டது.

நீதிமன்றம் இதை ஊழியரின் உரிமை என்று சொல்லவில்லை என்பதையும் கவனிக்க வேண்டும். 2022 மே மாதம் கேரள ஆசிரியர் தாமஸ் டேனியல் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக விளக்கியது. 1999-லேயே ஓய்வு பெற்ற அவருக்குப் பணிக்காலத்தில் ஊதிய உயர்வைத் தவறாகக் கணக்கிட்டுக் கொடுத்துவிட்டார்கள். அந்தப் பணத்தைக் கேட்ட விவகாரம் இறுதித் தீர்ப்பைத் தொட்டபோது அவர் ஓய்வு பெற்று 23 வருடம் ஆகியிருந்தது. மிகைத் தொகை ஊழியருக்கு உரியது என்பதால் விட்டுக்கொடுப்பதில்லை, திரும்பக் கேட்பதால் ஏற்படும் கஷ்டத்திலிருந்து அவரைக் காப்பதற்காக நியாய உணர்வோடு தரும் நிவாரணம் இது என்றது நீதிமன்றம். கீழ்நிலை ஊழியர் கைக்கு வரும் சம்பளத்தைக் குடும்பத்துக்குச் செலவழித்துவிடுவார், தனக்கு உரிய பணம் என்று நம்பித்தான் செலவழிப்பார் என்ற கருத்தும் இத்தீர்ப்புகளில் திரும்பத் திரும்ப வரும். 2025 ஏப்ரலில் ஒடிசா மாநிலம் கட்டாக் மாவட்ட நீதிமன்றத்தில் சுருக்கெழுத்தர்களாக இருந்து ஓய்வு பெற்றவர்களிடம் கேட்ட தொகையையும் உச்ச நீதிமன்றம் இதே அடிப்படையில் ரத்து செய்தது.

மத்திய அரசு இந்தத் தீர்ப்பை ஏற்று 2.3.2016 அன்று தன் துறைகளுக்கு அலுவலகக் குறிப்பாணை அனுப்பியது. மதுரையில் அஞ்சல் துறையிலோ வேறு மத்திய அரசு அலுவலகங்களிலோ இருந்து ஓய்வு பெற்றவர்கள் தங்கள் பதில் கடிதத்தில் அந்தக் குறிப்பாணையின் தேதியையும் குறிப்பிடலாம்.

பாதுகாப்பு எங்கே நின்றுவிடுகிறது?

நல்லதை மட்டும் சொல்லிவிட்டுப் போனால் அது உதவியாகாது. பொய்ச் சான்றிதழ் கொடுத்தோ, உண்மையை மறைத்தோ வாங்கிய பணத்துக்கு எந்தத் தீர்ப்பும் துணைக்கு வராது. அது சரியும்கூட.

இன்னொரு இடம் உறுதிமொழி. ஊதியத் திருத்தம் வரும்போது விருப்பப் படிவத்தோடு பல துறைகளில் ஒரு தாளில் கையெழுத்து வாங்குவார்கள்: 'மிகையாகப் பெற்றது பின்னால் தெரிய வந்தால் திருப்பிச் செலுத்துவேன்.' வரிசையில் நின்று, படிக்காமலே போடும் கையெழுத்து அது. ஆனால் 2016 ஜூலையில் ஜக்தேவ் சிங் என்ற முன்னாள் நீதித்துறை அதிகாரியின் வழக்கில், அப்படி உறுதிமொழி கொடுத்தவர் ஓய்வு பெற்றிருந்தாலும் அதற்குக் கட்டுப்பட்டவர் என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. இரண்டு வருடத்தில் தவணைகளாக வசூலிக்க அனுமதித்தது. இன்றைக்கு அரசுத் தரப்பு வழக்கறிஞர்கள் முதலில் எடுத்து நீட்டும் தீர்ப்பு இதுதான். உங்களுக்கு அப்படி ஒரு கடிதம் வந்தால் கேட்க வேண்டிய முதல் கேள்வி: குறிப்பிட்ட அந்த ஊதிய நிர்ணயத்துக்கு நான் உறுதிமொழி கொடுத்திருக்கிறேனா, எங்கே அந்தத் தாள்? டீச்சரக்கா விஷயத்தில் பிழை சிறப்பு நிலை வழங்கியபோது வந்தது. அதற்கென்று அவர் எந்த உறுதிமொழியும் கொடுத்திருக்கவில்லை. கடிதத்தோடு இப்போது அனுப்பியிருந்த சம்மதத் தாள்தான் முதல் உறுதிமொழியாக ஆகியிருக்கும். கையெழுத்துப் போடாதீர்கள் என்று நான் தடுத்ததற்குக் காரணம் இதுவே.

மூன்றாவது, பலரும் குழப்பிக்கொள்ளும் இடம். வசூல் வேறு, திருத்தம் வேறு. போன பணத்தைத் திரும்பக் கேட்கக் கூடாது என்பதுதான் தீர்ப்பு. தவறான ஊதியத்தைத் தொடர்ந்து கொடுத்துக்கொண்டே இரு என்று அது சொல்லவில்லை. ஆகவே ஊதியத்தைச் சரியாக மறுநிர்ணயம் செய்து, அதன் அடிப்படையில் இனி வரும் ஓய்வூதியத்தை நிர்ணயிக்க அலுவலகத்துக்கு இடமிருக்கிறது. டீச்சரக்காவுக்குக் கடைசி அடிப்படை ஊதியத்தில் கூடியிருந்தது ஏறத்தாழ 1,900 ரூபாய். அதில் பாதி, 950 ரூபாய், அவருடைய மாத ஓய்வூதியத்தில் குறைந்தது. அதை அவர் ஏற்றுக்கொண்டார். "கணக்கு தப்புன்னா திருத்திக்கட்டும் தம்பி, அதுக்கு நான் சண்டை போட மாட்டேன். தின்னு செரிச்சதைக் கேட்டா எங்க போவேன்?" என்றார். இதை விடத் தெளிவாக ஒரு வழக்கறிஞரும் சொல்ல முடியாது.

ஆனால் திருத்தத்துக்கும் முறை உண்டு. முன்னறிவிப்பு கொடுத்து, விளக்கம் கேட்டு, பதிலைப் பரிசீலித்துத்தான் ஊதியத்தைக் குறைக்க வேண்டும். 1994-லேயே பகவான் சுக்லா என்ற ரயில்வே ஊழியரின் வழக்கில், வாய்ப்பே கொடுக்காமல் அடிப்படை ஊதியத்தைக் குறைத்தது இயற்கை நீதிக்கு விரோதம் என்று உச்ச நீதிமன்றம் ரத்து செய்திருக்கிறது. நடைமுறையில் நான் பார்த்த வசூல் உத்தரவுகளில் பாதிக்கு மேல் இந்த ஒரு ஓட்டையிலேயே விழுந்துவிடும். விளக்கம் கேட்கும் கடிதம் என்ற ஒன்று கோப்பிலேயே இருக்காது.

கடிதம் வந்தால் என்ன செய்வது?

முதலில் உறையைத் தூக்கிப் போடாதீர்கள். கடிதத்தில் ஒரு தேதி இருக்கும், உறையில் தபால் முத்திரைத் தேதி வேறாக இருக்கும். ஓய்வு பெற்ற பிறகு வந்ததா முன்பு வந்ததா என்பதற்கு இரண்டும் சாட்சி. கைக்குக் கிடைத்த நாளைக் கடிதத்தின் ஓரத்தில் எழுதிக் கையெழுத்துப் போட்டு வையுங்கள்.

அப்புறம் எழுத்துப்பூர்வமான பதில். நேரில் போய் அழுது கேட்பதோ, சங்கத் தலைவரை விட்டுப் பேசச் சொல்வதோ கோப்பில் ஏறாது. ஒரு பக்கம் எழுதினால் போதும். நான் இன்ன தேதியில் ஓய்வு பெற்றேன். ஊதிய நிர்ணயம் அலுவலகத்தால் செய்யப்பட்டது. நான் தவறான தகவல் எதுவும் தரவில்லை. ரஃபீக் மசீ தீர்ப்பின்படி ஓய்வு பெற்றவரிடமும், ஐந்து வருடத்துக்கு மேற்பட்ட காலத்துக்கும் வசூல் கூடாது. பிடித்தத்துக்கு நான் சம்மதிக்கவில்லை. வசூல் உத்தரவைக் கைவிட்டுப் பணிக்கொடையை முழுமையாக விடுவிக்க வேண்டுகிறேன். இவ்வளவுதான் விஷயம். நாங்கள் ஒப்புகை அட்டையோடு பதிவுத் தபாலில் அனுப்பினோம்; 2025 செப்டம்பரில் பதிவுத் தபால் விரைவுத் தபாலோடு (ஸ்பீட் போஸ்ட்) இணைந்துவிட்டது, இப்போது அதில் ஒப்புகையோடு அனுப்ப வேண்டும். டீச்சரக்கா அந்தக் கடிதத்தைத் தன் கையாலேயே எழுதினார். 34 வருடம் கரும்பலகையில் எழுதிய எழுத்து, முத்து முத்தாக இருந்தது. டைப் அடிக்கலாம் என்று சொன்னேன், வேண்டாம் என்றுவிட்டார்.

அதே நாளில் தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு மனுவும் போட்டுவிடுங்கள். 10 ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டினால் போதும். பணிப்பதிவேட்டின் முழு நகல், தணிக்கைத் தடையின் நகல், மிகைத் தொகை கணக்கிட்ட தாள், நான் கொடுத்ததாகச் சொல்லப்படும் உறுதிமொழி ஏதேனும் இருந்தால் அதன் நகல், இவற்றைக் கேளுங்கள். 30 நாளில் தர வேண்டும். கணக்கீட்டுத் தாளை வரிவரியாகப் பார்ப்பது முக்கியம். பிழையைத் திருத்தப் போட்ட கணக்கிலும் பிழை இருப்பதை நான் பார்த்திருக்கிறேன். சம்பளம் இல்லாத விடுப்பில் இருந்த மாதங்களுக்கும் மிகைத் தொகை போட்டிருப்பார்கள்.

கோப்பு முடியும் வரை சாப்பாட்டுக்கு என்ன செய்வது என்ற கேள்வி வரும். இறுதி ஓய்வூதியம் தாமதமானால் இடைக்கால ஓய்வூதியம் வழங்க விதியில் வழி இருக்கிறது. அதைத் தனிக் கடிதமாகக் கேட்க வேண்டும். வசூல் விவகாரத்தோடு சேர்த்து எழுதினால் இரண்டும் ஒரே கோப்பில் சிக்கி நின்றுவிடும். ஆட்சியர் அலுவலகத்தில் நடக்கும் ஓய்வூதியர் குறைதீர் கூட்டத்திலும் மனு கொடுக்கலாம். தாமதத்துக்கு அங்கே பலன் கிடைக்கும். சட்டப் பிரச்சினை அந்தக் கூட்டத்தில் தீர்ந்து நான் பார்த்ததில்லை.

பதிலுக்கு ஒரு நியாயமான காலம் காத்திருந்தும் அசைவு இல்லை, அல்லது பிடித்தமே நடந்துவிட்டது என்றால் அடுத்த இடம் உயர் நீதிமன்றம். தமிழக அரசு ஊழியர்களுக்கென்று தனித் தீர்ப்பாயம் இப்போது இல்லை. அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவின் கீழ் நேராக நீதிப்பேராணை (ரிட்) மனுதான். மத்திய அரசில் இருந்தவர்கள் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போக வேண்டும். நம் பக்கத்து மாவட்டங்களுக்கு ஒரு பெரிய வசதி, 24.7.2004-ல் திறந்த சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை. அதற்கு முன் கன்னியாகுமரியிலிருந்தும் ராமநாதபுரத்திலிருந்தும் ஓய்வூதியர்கள் ராத்திரி பஸ் பிடித்துச் சென்னைக்குப் போனார்கள். இப்போது மாட்டுத்தாவணியில் இறங்கி மேலூர் ரோட்டில் கொஞ்ச தூரம் போனால், யானைமலையைப் பார்த்தபடி நிற்கிறது கட்டடம்.

வழக்கறிஞர் செலவுக்குப் பயந்து விட்டுவிடாதீர்கள். 1987-ஆம் வருடச் சட்டப்பணிகள் ஆணையச் சட்டத்தின்படி பெண்கள், பட்டியல் சாதி, பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவசச் சட்ட உதவி உண்டு. மாவட்ட நீதிமன்ற வளாகத்திலும் மதுரைக் கிளையிலும் அதற்கான அலுவலகம் இருக்கிறது. ஓய்வு பெற்ற ஆசிரியைகளிலும் செவிலியர்களிலும் இதைத் தெரிந்தவர்கள் மிகக் குறைவு. அக்காவும் என்னிடம் கேட்டுத்தான் தெரிந்துகொண்டார்.

டீச்சரக்காவின் மனுவில் முதல் விசாரணையிலேயே வசூலுக்கு இடைக்காலத் தடை கிடைத்தது. இறுதி உத்தரவு வர ஒன்றரை வருடம் ஆனது. வசூல் உத்தரவு ரத்து, ஊதிய மறுநிர்ணயம் செல்லும், நிறுத்திவைத்த பணிக்கொடையை முழுமையாக வழங்க வேண்டும் என்று வந்தது. உத்தரவின் சான்றிட்ட நகலை இணைத்து மறுபடி ஒரு பதிவுத் தபால் போட்டோம். பணம் இரண்டு மாதத்தில் வங்கிக் கணக்கில் விழுந்தது. தாமதமான காலத்துக்கு வட்டி அதில் இல்லை. ஓய்வூதியப் பலன்களைக் காரணமில்லாமல் தாமதித்தால் வட்டி தர வேண்டும் என்று 1984-லேயே கேரளாவின் பத்மநாபன் நாயர் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அந்த வட்டிக்கான கடிதத்தைப் போன வாரம் அக்கா எழுதி முடித்தார், இந்தத் தடவையும் கையெழுத்துப் பிரதியாகத்தான். ஒப்புகை அட்டை இன்னும் திரும்பி வரவில்லை.